தகரண்ணனின் நடை

டேப்பக்கா வீட்டில் ஒரு ஏசி உண்டு. அது மனிதர்களுக்கானது இல்லை. டேப்பக்காவும் அவள் கணவரும் மின்விசிறிக்கு அடியில் புழுங்கிக்கொண்டு படுத்திருக்க, பக்கத்து அறையில் ஒளிநாடாக்களும் ஒலிநாடாக்களும் மஞ்சளேறிய நிகழ்ச்சி அட்டவணைகளும் ராஜபோகமாகக் குளிர்ந்துகொண்டிருக்கும். சொந்தக்காரர்கள் யாராவது வந்து தங்கினால், "அந்த ரூம்ல படுத்துக்கட்டுமா?" என்று ஆசையாகக் கேட்பார்கள். "தாராளமா படுத்துக்கங்க, ஆனா மூச்சு விடாதீங்க. டேப்புக்கு ஈரம் ஆகாது" என்பாள். சிரித்துக்கொண்டேதான் சொல்வாள், ஆனால் அது விளையாட்டில்லை என்று முகத்தைப் பார்த்தால் தெரிந்துவிடும். வந்தவர்கள் மரியாதையாகக் கூடத்தில் தலையணையைப் போட்டுக்கொள்வார்கள்.

பகலில் அவளுக்கு வேலை குடிநீர் அலுவலகத்தின் புகார்ப் பிரிவில். தண்ணீர் வரவில்லை, வந்த தண்ணீர் நாறுகிறது, பக்கத்து வீட்டுக்காரன் மோட்டார் வைத்து உறிஞ்சுகிறான் என்று ஊரார் திட்டுவதையெல்லாம் காதில் வாங்கிக்கொண்டு புகார் எண் கொடுக்க வேண்டும். திட்டுகிறவர் குரல் கொஞ்சம் வயதான குரலாக இருந்தால் மட்டும், புகாரைப் பதிந்த கையோடு அவள் குழைவாக ஒரு கேள்வி கேட்பாள். "தப்பா நினைச்சுக்காதீங்க. அந்தக் காலத்துல டிவியில 'வளையத்துக்கு அப்பால்'னு ஒரு தொடர் வந்துச்சே, உங்க வீட்ல யாராவது அதை டேப்ல பிடிச்சு வெச்சிருக்காங்களா?" குழாயில் காற்றுதான் வருகிறது என்று கொதித்துப்போய் அழைத்தவருக்கு எப்படி இருக்கும்? மேலதிகாரி கூப்பிட்டு எச்சரித்தார். அவளும் இனிமேல் கேட்கமாட்டேன் என்று தலையாட்டிவிட்டு, அன்று மத்தியானத்திலிருந்து குரலைத் தாழ்த்திக் கேட்க ஆரம்பித்தாள்.

இந்த 'வளையத்துக்கு அப்பால்' கறுப்பு வெள்ளைக் காலத்து அறிவியல் புனைகதைத் தொடர். சனிக்கோளின் வளையத்தைத் தாண்டி ஒரு விண்கலம் வழிதவறிப் போய்விடும். அதில் ஒரு தலைவி, ஒரு மருத்துவர், ஒரு சமையல்காரர், கடைசி வருடத்தில் ஓர் இயந்திர மனிதன். இயந்திர மனிதனுக்குத் தொடரில் 'துணைவன்' என்று கம்பீரமாகப் பெயர் வைத்திருந்தார்கள். பார்த்த பிள்ளைகள் ஒன்றுகூட அப்படிச் சொல்லவில்லை. தகரண்ணன் என்றார்கள், அதுவே நிலைத்துவிட்டது. விண்கலத்தின் சுவர் முழுக்க முட்டை அடுக்குகிற அட்டை, கட்டுப்பாட்டுக் கருவியோ தையல் இயந்திரத்தின் மேல்பாகம். என்றாலும் வாரம் தவறாமல் ஊரே வாயைப் பிளந்து பார்த்தது.

அப்போது ஒளிநாடா யானை விலை. ஒளிபரப்பி முடிந்ததும் நிலையத்தார் அதே நாடாவில் கால்பந்தாட்டத்தையும் உரம் போடுவது பற்றிய கலந்துரையாடலையும் பதிந்துவிட்டார்கள். அவர்களைத் திட்டிப் பயனில்லை. அன்றைக்கு அது தீர்ந்துபோன வேலை, அவ்வளவுதான். இன்று மிச்சமிருப்பவை விரல்விட்டு எண்ணக்கூடிய அத்தியாயங்கள். அவற்றில் ஒன்றே ஒன்றில் தகரண்ணன் வருவார். அதிலும் பழுதாகி, கதை முடியும்வரை மூலையில் சும்மா நிற்பார். அவர் நடந்ததைப் பார்த்த ஞாபகம் பலருக்கு உண்டு. அவர் நடக்கிற படம் ஒருவரிடமும் இல்லை. இனிமேல் சொல்லப்போகிற வினையெல்லாம் இதிலிருந்து வந்ததுதான்.

டேப்பக்கா தொடரைப் பார்த்தவள் இல்லை. அது ஓடியபோது அவள் தவழ்ந்துகொண்டிருந்தாள். அவள் பார்த்தது அப்பாவை. நிலையத்தின் தச்சுப் பிரிவில் அவருக்கு வேலை. சுவர், கதவு, நாற்காலி எல்லாம் செய்வார். அவள் கொஞ்சம் வளர்ந்த பிறகும், சாயங்காலம் சட்டையைக் கழற்றி மாட்டிவிட்டு, இரண்டு கையையும் விறைத்துக்கொண்டு, வலது காலை இழுத்து இழுத்து, "த-லை-வி-யே, ஆ-பத்-து" என்று கூடத்தின் இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடிக்கு நடந்து காட்டுவார். பிள்ளை சிரித்துச் சிரித்து விக்கல் எடுக்கும். "நான் அதுக்குள்ள இருந்திருக்கேன் கண்ணு" என்பார். மகளுக்கு அதற்கு மேல் என்ன வேண்டும்? பள்ளிக்கூடம் முழுக்கப் பெருமையடித்துவிட்டாள்.

வளர்ந்து வேலைக்குப் போன புதிதில், இந்தத் தொடரின் ரசிகர்கள் ஒரு சங்கம் வைத்திருப்பதைக் கேள்விப்பட்டு, அப்பாவைப் பெருமையாக அங்கே அழைத்துப் போனாள். சங்கத்தின் செயலாளர் வங்கியில் அதிகாரி. தொடர்பற்றிய விஷயத்தில் கண்ணில் விளக்கெண்ணெய் விட்டுக்கொண்டு பார்க்கிறவர். "ஆதாரம் ஏதாவது இருக்கா சார்? பெயர்ப் பட்டியல்ல துணைவனுக்கு ஆளே போடலையே" என்றார். அப்பா பேந்தப் பேந்த விழித்தார். "இன்னைக்கு இவர் வந்திருக்கார். நாளைக்கு இன்னொருத்தர் வந்து நான்தான் சனிக்கோள்னு சொல்லுவார்" என்றார் செயலாளர். அறையில் எல்லாரும் சிரித்தார்கள். அப்பாவும் கூடச் சேர்ந்து சிரித்துவிட்டுத் தரையைப் பார்த்தார்.

அந்தச் சிரிப்புதான் அவளை ஆராய்ச்சிக்காரி ஆக்கியது. அறிவியல் ஆர்வம், வரலாற்றுப் பற்று என்று பின்னாளில் பேட்டியில் சொல்லிக்கொள்வாள், நம்ப வேண்டாம். கோபம்தான். நிலையத்தின் குப்பைக் கிடங்கைக் கிளறினாள். ஓய்வுபெற்றவர்களின் வாசலில் போய் நின்றாள். தொலைக்காட்சிப் பெட்டிக்கு முன்னால் ஒலிப்பதிவுக் கருவியை வைத்துத் தொடரைப் பிடித்தவர்களின் பரண்களில் ஏறினாள். கடைசியில் விளக்குப் பிரிவில் இருந்த ஒரு பெரியவர் அகப்பட்டார். படுக்கையில் கிடந்தபடியே அப்பாவின் படத்தைப் பார்த்துவிட்டு, "அட, நம்ம சப்பாணி. நாங்க எல்லாரும் அப்படித்தானே கூப்பிடுவோம்" என்றார். இன்று யாரையாவது அப்படிக் கூப்பிட்டால் பல் தங்காது. அந்தக் காலத்தில் சர்வ சாதாரணம்.

டேப்பக்காவுக்குத் தலைகால் புரியவில்லை. பெரியவரிடம் மேற்கொண்டு ஒரு வார்த்தை கேட்காமல் வீட்டுக்கு ஓடிவந்து கட்டுரை எழுதினாள். தகரண்ணன் காலை இழுத்து நடந்தார். அப்பாவைச் சப்பாணி என்று கூப்பிட்டார்கள். ஆகவே உள்ளே இருந்தவர் அப்பா. தகரண்ணன் காலை இழுத்து நடந்தார் என்பது எப்படித் தெரியும்? அப்பா நடந்து காட்டியதிலிருந்து. இந்த ஓட்டை வழியாக ஒரு லாரியே போகலாம். சங்கத்தில் ஒருவர் கண்ணிலும் படவில்லை. சின்ன வயதில் தொடரைப் பார்த்தவர்கள்கூட அப்பாவின் நடையைப் பார்த்ததும், "அச்சு அசல். இந்த நடைதான். எனக்கு நல்லா ஞாபகம் இருக்கு" என்றார்கள். செயலாளர் எழுந்து நின்று மன்னிப்புக் கேட்டார்.

அதிலிருந்து ஆண்டு விழா என்றால் அப்பா நடக்க வேண்டும். முதல் வரிசையில் அவருக்கு நாற்காலி. ஆளாளுக்கு 'தகரண்ணே' என்பார்கள். பொம்மைக்காரர் என்று ஓர் உறுப்பினர், சாவி கொடுத்தால் வலது காலை இழுத்து நடக்கிற தகரப் பொம்மையைச் செய்து பெயர் வாங்கினார். காணாமல் போன அத்தியாயங்களைச் சித்திரமாக வரைந்தவர்கள் அந்த நடையைத்தான் வரைந்தார்கள். அப்பா மரச்சாமான் பழுதுபார்க்கும் கடையை மூடி, மகள் வீட்டோடு வந்துவிட்ட பிறகு, வருடத்தில் அவர் காத்திருந்த நாள் அது ஒன்றுதான்.

இப்படியிருக்க, ஒரு நாள் புகார்ப் பிரிவுக்கு ஓர் அழைப்பு வந்தது. துறைமுகத்துக்குப் பக்கத்தில் கப்பல் தொழிலாளர் விடுதி. அதன் காவலாளி பேசினார். "கிடங்குல குழாய் வெடிச்சுப் போச்சும்மா. ஒரே வெள்ளம். கப்பல்காரங்களுக்குப் போட்டுக் காட்டுற பழைய படப்பெட்டியெல்லாம் மிதக்குது, சீக்கிரம் ஆளை அனுப்புங்க." டேப்பக்கா புகார் எண்கூடக் கொடுக்கவில்லை. குழாய் பழுதுபார்க்கிறவரின் வண்டியில் தானும் தொற்றிக்கொண்டு போனாள். முழங்கால் அளவுத் தண்ணீரில் நின்று ஒவ்வொரு பெட்டியாகத் தூக்கிப் பார்த்தாள். மேல்தட்டில் நனையாமல் இருந்த ஒரு பெட்டியில் தொடரின் பெயரும், எல்லாரும் ஒழிந்தது என்று கைகழுவியிருந்த கடைசி வருடத்து அத்தியாயம் ஒன்றின் தலைப்பும் இருந்தன. குழாய்க்காரர் பிறகு அலுவலகத்தில் சொன்னாராம், "குழாய் வெடிச்சதுக்கு ஒரு பொம்பளை சந்தோஷத்துல அழுததை இப்பத்தான் பார்க்கறேன்" என்று.

படச்சுருள்களைக் கணினிக்கு மாற்றித் தருகிற லேப்காரருக்கு, ஓடுகள் விற்கிற கடைக்கு மேலே இரண்டு அறை. அங்கேதான் முதல் ஓட்டம். செயலாளர், லேப்காரர், டேப்பக்கா, அப்பா. செயலாளர் பையிலிருந்து பிஸ்கட் எடுத்து எல்லாருக்கும் கொடுத்தார். லேப்காரர் தேநீர் ஊற்றிக் கொடுத்தார். திரையில் விண்கலம் வந்தது, தலைவி வந்தாள், ஆபத்து வந்தது. கதவு தானாக ஒதுங்கியது. தகரண்ணன் நடந்து வந்தார்.

அவ்வளவு தகரத்தை உடுத்திக்கொண்டு ஒரு மனிதனால் அப்படி நடக்க முடியும் என்று டேப்பக்கா நினைத்துப் பார்த்ததே இல்லை. இரண்டு காலும் ஒன்றுபோல் எழுந்து ஒன்றுபோல் பதிந்தன. உள்ளே ஆள் இருக்கிறார் என்பதே மறந்துபோயிற்று. சத்தமில்லாமல் வந்து, தலைவியின் நாற்காலிக்குப் பின்னால் நின்று, மெல்லத் தலையைத் திருப்பினார். இழுக்கவே இல்லை.

அப்பாவின் கையிலிருந்த பிஸ்கட் தேநீரில் விழுந்தது.

"வேகம் தப்பு" என்றார் செயலாளர்.

இப்படி ஒரு முடிவுக்கு இந்தக் கூட்டத்தால் மட்டும்தான் வர முடியும். கண்ணெதிரே படம் ஓடுகிறது. ஆனால் தப்பு படத்தின் மேல். "கப்பல்காரங்களுக்குன்னு எவனோ அவசரத்துல எடுத்த பிரதி. ஓட்டம் கூடிப்போச்சு. மெதுவாக்குங்க" என்றார். லேப்காரர் மெதுவாக்கினார். இன்னும் கொஞ்சம், இன்னும் கொஞ்சம் என்று செயலாளர் சொல்லச் சொல்லத் தகரண்ணனின் கால் கனத்தது. இழுக்கிறார் என்று சொல்ல முடியாது, இழுக்கிறாரோ என்று ஒரு பிரமை வந்தது. கூடவே தலைவியின் குரல், ஜலதோஷம் பிடித்த லாரி ஓட்டுநர் குரலாகிவிட்டது.

"குரல் கரகரங்குதே சார்" என்றார் லேப்காரர்.

"குரலை விடுங்க, அதை மாத்திக்கலாம். நடையைப் பாருங்க. என்னண்ணே, இதுதானே?"

"ஆமா, ஆமா. இதுதான்" என்றார் அப்பா.

டேப்பக்கா திரும்பிப் பார்த்தாள். அவர் அவளைப் பார்க்கவில்லை. கோப்பைக்குள் ஊறிப்போன பிஸ்கட்டைக் கரண்டியால் தேடிக்கொண்டிருந்தார்.

செயலாளர் அப்பாவைக் கைத்தாங்கலாகக் கீழே அழைத்துப்போன பிறகு, அவள் சுருளைக் கடைசிவரை ஓட்டச் சொன்னாள். கதை முடிந்து, பெயர்கள் முடிந்து, திரை கறுத்த பிறகும் படம் கொஞ்சம் ஓடியது. பிரதி எடுத்தவர் கருவியை நிறுத்த மறந்திருந்தார். அந்தக் கறுப்பில், செய்திக்கு முன்னால் நிலையம் மணி அறிவிக்கிற ஒலி பதிந்திருந்தது. பீப், பீப், பீப். ஒரு நொடிக்கு ஒன்று. டேப்பக்கா கைக்கடிகாரத்தைக் கண்ணருகே கொண்டுபோனாள். செயலாளர் கேட்ட வேகத்தில் ஓட்டினால் ஒலி நொடிமுள்ளுக்குப் பின்னால் தங்கி நொண்டியது. பழைய வேகத்தில் ஓட்டினால் முள்ளும் ஒலியும் சேர்ந்தே போயின. படத்தில் ஒரு தப்பும் இல்லை.

லேப்காரருக்கும் புரிந்துவிட்டது. கொஞ்ச நேரம் மேசையைத் துடைத்தார். "கதை முடிஞ்ச பிறகு வர்ற வால்தானேக்கா. வெட்டிட்டா யாருக்குத் தெரியப்போகுது? அப்பா முகத்தைப் பார்த்தேன், அதான் சொல்றேன்" என்றார். கெட்ட எண்ணத்தில் சொல்லவில்லை. அவருக்கும் அப்பா இருந்தார்.

வாலை வெட்டினால் அப்பா கடைசிவரை தகரண்ணன். வெட்டாவிட்டால் ஆண்டு விழாவில், இத்தனை வருடம் கைதட்டிய அதே சனத்துக்கு முன்னால் அவர் புளுகர் ஆகிவிடுவார். அதுவும் மகள் கையால். இந்தப் பக்கம் டேப்பக்கா யார்? வீட்டில் பிடித்த நாடாவில் சோப்பு விளம்பரத்தை அழித்துவிட்டேன் என்று ஒருவர் சொன்னதற்காக அவரோடு பேச்சையே முறித்துக்கொண்டவள். பையை எடுத்துக்கொண்டு கீழே இறங்கிப் போய்விட்டாள்.

வீட்டில் கணவரிடம் சொன்னாள். அவர் கடைத்தெருவில் சாவி வெட்டுகிறவர், எதற்கும் பதறாதவர். "வெட்டலைன்னா உங்கப்பா உன்கூடப் பேச மாட்டார். வெட்டினா நீயே உன்கூடப் பேச மாட்ட. எப்படியும் வீட்ல சத்தம் குறையும். எனக்கு ரெண்டும் ஒண்ணுதான்" என்றார். பிறகு அவள் முகத்தைப் பார்த்துவிட்டு, "முதல்ல அவர்கிட்ட கேளு. கேக்காம என்னத்தை முடிவு பண்றது?" என்றார்.

மறுநாள் காலையில் அப்பா விழாவுக்கு வேண்டிய சட்டையை இஸ்திரி போட்டுக்கொண்டிருந்தார். டேப்பக்கா கட்டிலில் கிடந்த துணிகளை மடிக்கிற மாதிரி உட்கார்ந்தாள்.

"அப்பா, அந்தப் படத்துல நடக்கறது யாரு?"

"என்னைக் கேட்டா? நீதானே கட்டுரை எழுதின."

"நான் எழுதினது கிடக்கட்டும். நீங்க சொல்லுங்க."

காலரை ஒருமுறை தேய்த்தார், திருப்பிப் போட்டு இன்னொரு முறை தேய்த்தார். "ஒத்திகையில நான் நடப்பேன். உள்ள நடக்கற ஆள் தினக்கூலிக்கு வர்றவன், படம் பிடிக்கற அன்னைக்கு மட்டும்தான் வருவான். அதுவரைக்கும் கேமரா எங்க வைக்கறது, விளக்கு எங்க வைக்கறதுன்னு பார்க்க ஒரு உருப்படி வேணுமில்ல? நான் உயரம். பழைய தகரம் ஒண்ணை மாட்டி விட்டுருவாங்க. அதுல வலது முட்டி மடங்காது. இழுத்துதான் நடக்கணும்."

"அப்ப சப்பாணின்னு கூப்பிட்டது?"

"ஒப்புக்குச் சப்பாணி கண்ணு" என்றார் அப்பா. "பிள்ளைங்க விளையாடும்போது, அழுதுட்டு நிக்குதேன்னு ஒண்ணைச் சும்மா சேர்த்துக்குவாங்களே. அவுட்டானாலும் கணக்கில்ல, ஜெயிச்சாலும் கணக்கில்ல. அந்தச் சப்பாணி."

டேப்பக்காவின் கையில் துணி அப்படியே நின்றது. தண்ணீர் வரவில்லை என்று ஒருவர் சொன்னால், எந்தத் தெரு, எந்தக் குழாய், மாடியா கீழா என்று ஆயிரம் கேள்வி கேட்கிறவள் அவள். அந்த விளக்குக்காரப் பெரியவரிடம் மட்டும், ஏன் அப்படிக் கூப்பிட்டீர்கள் என்று கேட்கத் தோன்றவில்லை. தனக்கு வேண்டிய பதில் கிடைத்துவிட்டது என்று பையைத் தூக்கிக்கொண்டு வந்துவிட்டாள். தெருவில் ஆடிய ஒவ்வொரு ஆட்டத்திலும் கேட்டு வளர்ந்த வார்த்தை. அப்பாவைக் கூப்பிட்டதும் அந்தச் சப்பாணியாக இருக்கும் என்று ஒரு கணம்கூட யோசிக்கவில்லை.

"ஏம்ப்பா சொல்லல?"

"சொல்ல விட்டியா? அதுக்குள்ள இருந்திருக்கேன்னு சொன்னேன். அது பொய்யா? நீ பாட்டுக்குக் கட்டுரையைக் கொண்டு போய்ப் படிச்ச. எல்லாரும் எந்திரிச்சு நின்னு கைதட்டினாங்க. நீ என்னைத் திரும்பிப் பார்த்த பாரு, அந்த முகத்துக்கிட்ட எவன் போய், இல்லம்மா, அது நான் இல்லைன்னு சொல்லுவான்?" இஸ்திரிப் பெட்டியை நிமிர்த்தி வைத்தார். "அப்புறம் எனக்கே பிடிச்சுப் போச்சு. அதையும் சொல்லிடறேன்."

"உள்ள நடந்தவர் பேரு என்னப்பா?"

அப்பா இஸ்திரிப் பெட்டியின் கம்பியைப் பிடுங்கிச் சுற்றினார். "ஒட்டடைன்னு கூப்பிடுவோம். ஒட்டடைக் குச்சி மாதிரி இருப்பான்."

"நிஜப் பேரு?"

"கேட்டதில்லையே. வருவான், மாட்டிக்குவான், நடப்பான். தொப்பலா நனைஞ்சு வெளியில வருவான். தண்ணி குடிச்சிட்டு பஸ்ஸைப் பிடிக்க ஓடிருவான். அவன்கூட யாரும் உட்கார்ந்து பேசினதில்லை. நானுந்தான்."

டேப்பக்காவுக்கு அழுகை வந்துவிட்டது. ஊர் பேர் தெரியாத அந்த ஒட்டடைக்காகவா, இஸ்திரி போட்ட சட்டையைக் கையில் பிடித்துக்கொண்டு நிற்கிற அப்பாவுக்காகவா என்று பிரித்துச் சொல்ல அவளுக்கே தெரியவில்லை. அவ்வளவு அருமையாக நடந்த மனிதரை இத்தனை வருடம் படத்திலிருந்து அழித்தது நிலையம் மட்டும் இல்லை, தானும்தான்.

"வாலை வெட்டப் போறதில்லப்பா. விழாவுல நானே சொல்றேன். தப்பு என் கட்டுரை மேலதான்னு சொல்றேன்."

"சொல்லிக்கோ" என்று அப்பா சட்டையைக் கட்டிலில் போட்டார். "நான் வரல."

அன்றிலிருந்து மூஞ்சியைத் தூக்கி வைத்துக்கொண்டார். சாப்பாடு போட்டால் சாப்பிடுவார், கேட்டால் 'ம்' என்பார். விஷயம் தெரிந்ததும் செயலாளர் தொலைபேசியில் குதித்தார். "பெத்த அப்பனை இப்படிக் காட்டிக் கொடுக்கணுமா? உலகம் அழிஞ்சா போகும், கொஞ்சம் மெதுவா ஓடினா?" டேப்பக்கா எல்லாவற்றையும் புகார்ப் பிரிவில் வாங்கிக்கொள்வதுபோலவே வாங்கிக்கொண்டாள். திட்டு வாங்குவதில் அவளை மிஞ்ச ஆள் கிடையாது. கடைசியில், "பதிஞ்சுக்கிட்டேன் சார்" என்று பழக்கதோஷத்தில் சொல்லிவிட்டாள். அது அவரை இன்னும் கிளப்பிவிட்டது.

விழா நாளில் மண்டபம் நிரம்பி வழிந்தது. தலைமை தாங்க மாட்டேன் என்று சொன்ன செயலாளர், படத்தைப் பார்க்காமலும் இருக்க முடியாமல் ஓரத்தில் வந்து நின்றார். முதல் வரிசையில் அப்பாவின் நாற்காலி காலியாக இருந்தது. விளக்கு அணைகிற நேரத்தில் கணவர் வியர்த்துப்போய் உள்ளே வந்து, கடைசி வரிசையைக் கண்ணால் காட்டினார். அங்கே அப்பா உட்கார்ந்திருந்தார், இஸ்திரி போடாத ஒரு சட்டையில். "எந்தச் சாவியும் பொருந்தல. சரி, நான் மட்டும் போய் ஓசியில படம் பார்க்கறேன்னு கிளம்பினேன். பின்னாலேயே வந்துட்டார்" என்றார் கணவர்.

டேப்பக்கா மேடையேறி, தான் எழுதியது தப்பு என்று மட்டும் சொல்லிவிட்டுப் படத்தைப் போடச் சொன்னாள். தகரண்ணன் நடந்ததும் கூட்டம் சலசலத்தது. முடிந்ததும் நாலா பக்கமிருந்தும், வேகம் தப்பு, வேகம் தப்பு என்றார்கள். "கடைசியில வர்ற சத்தத்தைக் கேளுங்க. உங்க உங்க கடிகாரத்தைப் பாருங்க" என்றாள். கறுத்த திரையிலிருந்து பீப், பீப் என்று வந்தது. மண்டபம் முழுக்க மணிக்கட்டுகள் உயர்ந்தன. ஒலி ஓய்ந்த பிறகும் சிலர் கையை இறக்கவில்லை. ஒட்டடையைப் பற்றித் தெரிந்த கொஞ்சத்தையும் அவள் சொன்னாள். பெயர் தெரியவில்லை என்பதையும் சொன்னாள்.

பொம்மைக்காரர் எழுந்து, மேடைக்கு முதுகைக் காட்டிக்கொண்டு கடைசி வரிசையைப் பார்த்தார். "அப்ப இத்தனை வருஷமா நீங்க எங்களுக்கு நடந்து காட்டினது என்னண்ணே?"

அப்பா முன் நாற்காலியைப் பிடித்துக்கொண்டு எழுந்தார்.

"அது ஒத்திகை. ஒத்திகையில நான்தான் நடப்பேன். கேமரா ஓடும்போது எனக்கு அங்க வேலை இல்லை." திரையைக் காட்டினார். "கதவு தானா ஒதுங்கிச்சு, பார்த்தீங்களா? அது தானா ஒதுங்கல. பின்னால நின்னு கயித்தைப் பிடிச்சு இழுத்தது நான். அவ்வளவுதான் இந்தப் படத்துல நான். இவ மேல தப்பில்லை. நான்தான் சொல்லாம இருந்துட்டேன்."

நடுவரிசையிலிருந்து ஒரு குரல், "அந்தக் கதவை இன்னொரு வாட்டி போடுங்க" என்றது. வேறு எந்தக் கூட்டமாக இருந்தாலும் அது கிண்டல். இவர்கள் அதைச் சிரத்தையாகக் கேட்டார்கள். போட்டார்கள். பாதி வழியில் கதவு ஒருமுறை சிக்கிக்கொண்டு, பிறகு விடுபட்டதைக் கண்டுபிடித்து, கயிறா சக்கரமா என்று அப்பாவிடம் விசாரிக்கத் தொடங்கிவிட்டார்கள். ஆனால் எல்லாரும் அப்படி இல்லை. செயலாளர் சொல்லிக்கொள்ளாமல் போய்விட்டார். பொம்மைக்காரர் விற்பனைக்கு வைத்திருந்த பொம்மைகளை ஒவ்வொன்றாக எடுத்துப் பைக்குள் போட்டுக்கொண்டிருந்தார். முன்பே அவரிடமிருந்து வாங்கிப்போன பிள்ளைகளிடம் அவர் என்ன சொல்வார் என்று டேப்பக்காவுக்கு வருத்தமாக இருந்தது.

திரும்பும்போது கணவர் வண்டியை ஓட்டினார். அப்பா முன்னால், டேப்பக்கா பின்னால். வண்டி பெரிய சாலைக்கு வந்தது.

"ஒட்டடை நல்லா நடந்தான், இல்ல?" என்றார் அப்பா, கண்ணாடிக்கு வெளியே பார்த்துக்கொண்டு.

"ஆமாப்பா."

"என்னைவிட?"

கணவர் கண்ணாடி வழியாக அவளைப் பார்த்தார். ஒரே ஒரு பொய், அதுவும் வண்டிக்குள்ளே, யாருக்கும் நஷ்டமில்லாத பொய்.

"உங்களைவிட நல்லாத்தான் நடந்திருக்காரு" என்றாள்.

அப்பா தலையை ஆட்டினார். "எனக்கு அன்னைக்கே தெரியும். கயித்தைப் பிடிச்சுக்கிட்டே எட்டி எட்டிப் பார்ப்பேன்" என்றார். கொஞ்ச தூரம் போன பிறகு, "அவன்கிட்டதான் சொல்லல" என்றார்.